டி டிரைவை நாங்கள் தொடவில்லை

1. யார் யார் இருந்தோம்

அன்று கடையில் இருந்தவர்கள் ஐந்து பேர். கல்லாவில் முதலாளி நஸீர் பாய். உள் மேஜையில் ஒரு மதர்போர்டுக்குச் சூடு காட்டிக்கொண்டிருந்த மஞ்சு என்கிற மஞ்சுநாத். பக்கத்து மேஜையில் நான், சேகர். கவுன்டருக்கு வெளியே வில்சன் என்ற கஸ்டமர். அவர் கையைப் பிடித்தபடி ஸ்கூல் யூனிஃபார்மில் அவருடைய மகள். ஏழு வயதுக்கு மேல் இருக்காது. இருந்திருக்க வேண்டிய ஆறாவது ஆள் இல்லை. லேப்டாப் அந்த ஆளுடையது.

பிறகு ஒரு நாள் அந்த ஆறாவது ஆள், ஸ்டெல்லா டீச்சர், கடைக்கு வந்து என்னிடம் கேட்ட கேள்வியும் இதுதான். “அன்னைக்கு இங்க யார் யார் இருந்தீங்க?” இதே வரிசையில்தான் சொன்னேன்.

கடை அல்சூரில், மெயின் ரோட்டிலிருந்து ஏரிப் பக்கம் போகிற சந்தில் இருக்கிறது. கம்ப்யூட்டர் சர்வீஸ் கடை. நான் ஒன்பதாவதோடு படிப்பை விட்டவன். வீடு ஸ்ரீராம்புரம். அப்பாவுக்கு இடுப்பு போனதும் இந்த லைனுக்கு வந்தேன். முதலில் பெரிய மானிட்டர்களைத் தூக்கி ஆட்டோவில் ஏற்றும் வேலை. அப்புறம் ஸ்க்ரூ டிரைவர் பிடித்தேன். அப்புறம் விண்டோஸ் போடக் கற்றேன். எல்லாமே பக்கத்து ஆள் கையைப் பார்த்துக் கற்றதுதான், புத்தகம் பார்த்ததில்லை.

அதோடு எனக்குப் பயம் ஜாஸ்தி. ஷட்டரைப் பூட்டிவிட்டு பஸ் ஸ்டாப் வரைக்கும் போய், திரும்பி வந்து பூட்டை இழுத்துப் பார்ப்பேன். சால்டரிங் அயர்னை அணைத்தோமா என்று மஞ்சுவுக்கு ஃபோன் போடுவேன். “அண்ணா, பேசாம நீங்க கடையைக் கையோட வீட்டுக்கு எடுத்துக்கினு போயிடுங்க, நான் காலையில அங்க வந்து வேலை செய்றேன்” என்பான்.

இந்த வேலைக்குப் புதிதாக வருகிற பையன்களுக்காக எழுதுகிறேன். இதில் சந்தோஷமான இடம் ஒன்றும் கிடையாது. முன்னாலேயே சொல்லிவிடுகிறேன்.

2. மூடி மேல் ஒட்டும் டேப்

எங்கள் லைனில் ஒரு பழக்கம். மெஷின் உள்ளே வந்ததும் மூடி மேல் ஒரு துண்டு மாஸ்கிங் டேப் ஒட்டுவோம். மார்க்கரில் பெயர், ஃபோன் நம்பர், என்ன கோளாறு, கடைசியில் பாஸ்வேர்ட். எல்லாரும் படிக்கிற மாதிரி கொட்டை எழுத்தில். வேலை செய்கிறவன் நாலு தடவை ஆன் செய்வான், ஆஃப் செய்வான். ஒவ்வொரு தடவையும் கஸ்டமருக்கு ஃபோன் செய்து கேட்க முடியாது. ஜனங்களும் கூச்சப்பட மாட்டார்கள். கவுன்டரில் நின்று சத்தமாகவே சொல்வார்கள். முக்கால்வாசிப் பேருக்குப் பிள்ளையின் பெயர், பக்கத்தில் ஒன்று இரண்டு மூன்று. ஒருவர் சொன்ன பெயர் அவர் மனைவியுடையதும் இல்லை, மகளுடையதும் இல்லை. மஞ்சு அதை டேப்பில் எழுதிவிட்டு, “சார், மேடம் வந்து கலெக்ட் பண்ணிக்க மாட்டாங்கல்ல?” என்று கேட்டான். அவர் பேனாவை வாங்கித் தானே அடித்தார்.

பாஸ்வேர்ட் மறந்துபோய் வருகிறவர்களும் உண்டு. அது சின்ன வேலை. ஒரு பென் டிரைவைச் செருகி, அதிலிருந்து மெஷினைக் கிளப்பி, பழைய பாஸ்வேர்டை எடுத்துவிடுவோம். டீ வந்து சேர்வதற்குள் முடிந்துவிடும். டேப்பில் ‘பாஸ்வேர்ட் எடு’ என்று எழுதினால் போதும். மெஷின் யாருடையது என்று எந்தக் கடையிலும் கேட்டு நான் பார்த்ததில்லை. கொண்டுவந்தவர் கஸ்டமர். அவ்வளவுதான் சட்டம்.

இன்னொரு பழக்கமும் சொல்ல வேண்டும். டிஸ்க்கை இரண்டாகப் பிரித்திருப்பார்கள். சி டிரைவில் விண்டோஸ் இருக்கும். டி டிரைவில் கஸ்டமரின் ஃபோட்டோ, பாட்டு, கணக்குவழக்கு. விண்டோஸ் கெட்டுப்போனால் சி-யை மட்டும் ஃபார்மட் அடித்துப் புதிதாகப் போடுவோம். டி-யைத் தொட மாட்டோம். “டி-லயா இருக்கு? அப்ப டென்ஷன் நக்கோ, சேஃப்” என்பார் நஸீர் பாய். நக்கோ என்றால் வேண்டாம். அந்த ஒரு வார்த்தையில்தான் எங்கள் கடை ஓடியது. கஸ்டமரும் நம்பினார், நாங்களும் நம்பினோம்.

3. சாக்லேட்

வில்சன் லேப்டாப்பைக் கவுன்டரில் வைத்தார். நல்ல மெஷின். ஏதோ கம்பெனி கழித்துவிட்டது, எஸ்.பி. ரோட்டில் செகண்ட் ஹாண்டில் வாங்கியது. சாக்பீஸ் தூள் படிந்திருந்தது.

“பாஸ்வேர்ட் மறந்துபோச்சு. எடுத்துக் குடுங்க.”

“உங்களுதா சார்?” என்று கேட்டேன். வாய் தவறிக் கேட்டதுதான். திரையில் ‘ஸ்டெல்லா’ என்று பெயர் வந்திருந்தது.

“வைஃபோடது. அவ மறந்துட்டா.”

“மேடத்துக்கு ஒரு ஃபோன் போட்டா ஞாபகம் வருமே சார். சில பேருக்கு கீபோர்டைப் பார்த்தா...”

“ஏன்பா, நான் என்ன திருடிக்கினா வந்தேன்?”

நஸீர் பாய் எழுந்து வந்தார். “அரே சேகர், கஸ்டமர்கிட்ட இன்னா விசாரணை? நீ ஸ்டேஷன்ல உட்கார வேண்டியவன், தப்பி என் கடைக்கு வந்துட்டே.” வில்சன் சிரித்தார். நானும் சிரித்துவைத்தேன்.

அப்போதுதான் வில்சன் குனிந்து மகளிடம் பேசினார். “பாப்பா, அம்மா இதுல என்ன அடிப்பாங்க? நீதான் பக்கத்துலயே உட்காந்துக்கினு இருப்பியே. அங்கிளுக்குச் சொல்லு.”

பாப்பா லேப்டாப்பைப் பார்த்தது. அப்பாவைப் பார்த்தது. “தெரியாது.”

“தெரியும் உனக்கு. சொன்னா பெரிய சாக்லேட்.” சட்டைப் பையிலிருந்து சாக்லேட்டை எடுத்தே காட்டினார். வாங்கிவைத்துக்கொண்டுதான் வந்திருக்கிறார்.

“தெரியாதுப்பா.”

உதட்டை உள்ளே மடித்துப் பல்லால் கடித்துக்கொண்டது. எனக்கு இரண்டு பிள்ளைகள். தெரியாத பிள்ளை எப்படி நிற்கும், தெரிந்த பிள்ளை எப்படி நிற்கும் என்று எனக்குத் தெரியும். சாக்லேட் திரும்பவும் பைக்குள் போனது.

“எடுத்துடு மஞ்சு” என்றார் நஸீர் பாய்.

மஞ்சு பென் டிரைவைச் செருகினான். கொஞ்ச நேரத்தில் “ஆய்த்து, முடிஞ்சுது” என்றான். திரை திறந்தது. வில்சன் கவுன்டருக்கு மேலே சாய்ந்து, மவுஸைத் தானே பிடித்தார். நேராக டி டிரைவுக்குப் போனார். அதில் ‘லெசன் பிளான்’ என்று ஒரு ஃபோல்டர். உள்ளே பாடக் குறிப்பு எதுவும் இல்லை; எல்லாம் ஆடியோ ஃபைல்கள். ஒவ்வொன்றின் ஓரத்திலும் ஒரு சின்னப் பூட்டுப் படம். ஒன்றை அழுத்தினார். திறக்கவில்லை. அனுமதி இல்லை என்று வந்தது. இன்னொன்று. அதுவும் இல்லை.

“இதையும் எடு.”

“இது வேற லாக் சார்” என்றான் மஞ்சு. “விண்டோஸ் உள்ளேயே போடறது. நம்மகிட்ட இதுக்கு வழி இல்ல.”

வில்சன் கொஞ்ச நேரம் அந்தப் பெயர்களையே பார்த்துக்கொண்டு நின்றார். கத்தப்போகிறார் என்று நினைத்தேன். கத்தவில்லை. ரொம்ப சாதாரணமாகச் சொன்னார்:

“சரி. எல்லாத்தையும் அழிச்சிட்டு ஃப்ரெஷ்ஷா போட்டுடுங்க. ரெண்டு டிரைவும். பாப்பா படிக்கட்டும்.”

4. நஸீர் பாய் செய்த உதவி

எண்ணூறு ரூபாய் என்று பேசி, ஐந்நூறு கொடுத்துவிட்டு, மறுநாள் வருவதாகச் சொல்லிப் போனார். பாப்பா வாசற்படியில் ஒரு தடவை திரும்பி லேப்டாப்பைப் பார்த்தது.

மஞ்சு முதலில் பேசினான். “பாய், அந்த அம்மா ஏதோ ரெக்கார்ட் பண்ணி வெச்சிருக்காங்க. இந்த ஆளோட குரலாதான் இருக்கும்.”

“எனக்கும் கண்ணு இருக்கு” என்றார் நஸீர் பாய். அவர் வாயில் பீடா இருந்தால்தான் யோசிக்கிறார் என்று அர்த்தம், அப்போது இருந்தது. “எந்தப் பொம்பளையும் சும்மா பூட்டு போட மாட்டா. அந்தக் குழந்தை மூஞ்சியைப் பார்த்தியா?”

“செய்ய முடியாதுன்னு சொல்லித் திருப்பிக் குடுத்துடலாமா பாய்?” என்று கேட்டேன்.

“திருப்பிக் குடுத்தா அடுத்த தெரு கடையில குடுப்பான். அந்தக் கடைக்காரன் டி-யையும் சேர்த்துத் துடைச்சு எடுத்துடுவான். நம்ம கையில இருக்கறப்போ நாம காப்பாத்தலாம். கேளு. சி-யை மட்டும் அடி. டி-யைத் தொடாதே. அந்த ஃபோல்டரை மறைச்சு வெச்சிடு, அவன் கண்ணுக்குத் தெரியக் கூடாது. டி காலின்னு நினைச்சுக்குவான். அந்த அம்மா கைக்கு என்னைக்காவது வந்தா, எடுத்துக்கட்டும்.”

எனக்கு அது நியாயமாகப் பட்டது. நியாயம்கூட இல்லை, பெரிய மனசாகப் பட்டது. சி-யை ஃபார்மட் அடித்தேன். புது விண்டோஸ் போட்டேன். டி-யில் அந்த ஃபோல்டரை மறைக்கும் கட்டளையை நானே கையால் டைப் செய்தேன். இரண்டு தடவை சரிபார்த்தேன். வெளியிலிருந்து பார்த்தால் டி காலி.

மறுநாள் வில்சன் வந்து ஆன் செய்து பார்த்தார். “எல்லாம் போச்சா?” என்றார். “எல்லாம் கிளீன்” என்றார் நஸீர் பாய். மீதியை அடுத்த வாரம் தருவதாகச் சொல்லி எடுத்துப் போனார்.

அதற்கப்புறம் எனக்கு நிம்மதி இல்லை. டி டிரைவ் காலியாக இருந்தும் இடம் குறைகிறதே என்று அவருக்குச் சந்தேகம் வந்தால்? தெரிந்த பையன் யாரிடமாவது காட்டினால்? கடைக்கு வந்து சண்டை போட்டால்? அந்த அம்மாவை அடித்தால்? இத்தனையும் யோசித்தேன். கஸ்டமர் வந்து நிழல் விழுந்தால் தலையைத் தூக்கிப் பார்ப்பேன். நான் கவலைப்படாத விஷயம் ஒன்றே ஒன்றுதான். நடந்தது அதுதான்.

5. “இது யார் கையெழுத்து?”

சில வாரம் கழித்து காட்டன் புடவையில் ஒரு அம்மா வந்தார். பையிலிருந்து அதே லேப்டாப்பை எடுத்து வைத்தார். மூடி மேல் எங்கள் டேப் அப்படியே இருந்தது. ‘வில்சன். பாஸ்வேர்ட் எடு.’ அதன் கீழே ‘ஃபார்மட்’.

“இது யார் கையெழுத்து?”

“என்னுதுதான் மேடம்.”

“நான்தான் ஸ்டெல்லா. அன்னைக்கு இங்க யார் யார் இருந்தீங்க?”

சொன்னேன். பாப்பாவும் வந்திருந்தது என்றதும் கவுன்டர் விளிம்பைப் பிடித்துக்கொண்டார். மஞ்சு ஸ்டூலைத் தள்ளினான். உட்கார்ந்து, பாடம் நடத்துகிற மாதிரி ஒன்றன்பின் ஒன்றாகச் சொன்னார்.

அவர் வீட்டை விட்டு வந்துவிட்டார். அம்மா வீட்டில் இருக்கிறார். பாப்பாவை வில்சன் விடவில்லை. தன் தாயாரிடம் வைத்திருக்கிறார். சர்ச்சில் பெரியவர்கள் பேசியதில் துணிமணியும் இந்த லேப்டாப்பும் மட்டும் திரும்பிவந்தன. பாப்பா யாரிடம் வளர வேண்டும் என்று கோர்ட்டில் வழக்கு. அங்கே வில்சன் சாந்தமான மனுஷன், அடித்ததும் இல்லை, மிரட்டியதும் இல்லை, மனைவிதான் கோபக்காரி என்று அவர் தரப்பில் சொல்கிறார்கள். “வெளியில யாரும் அவர் சத்தம் போட்டுக் கேட்டதில்ல. என்கிட்ட இருந்தது அவர் குரல் மட்டும்தான். ஃபோன்ல ரெக்கார்ட் பண்ணி, இதுல ஏத்திட்டு, ஃபோன்ல அழிச்சிடுவேன். ஃபோனை தினமும் வாங்கிப் பார்ப்பார். வக்கீலம்மா அதைக் கொண்டுவாங்கன்னு சொல்லியிருக்காங்க. ஆனா திறந்து பார்த்தா டி டிரைவ்ல ஒண்ணுமே இல்ல.”

நஸீர் பாய் கல்லாவிலிருந்து எழுந்தார். அந்த முகத்தை இப்போதும் மறக்க முடியவில்லை. கல்யாண வீட்டுக்காரர் மாதிரி இருந்தது. “மேடம், கவலை வேணாம். உங்க ஃபைல் ஒண்ணுகூட போகல. நாங்க மறைச்சு வெச்சோம். சேகர், காட்டு.”

காட்டினேன். ‘லெசன் பிளான்’ திரும்பி வந்தது. உள்ளே எல்லாப் பெயர்களும் இருந்தன. ஸ்டெல்லா டீச்சர் நெஞ்சில் சிலுவைக் குறி போட்டுக்கொண்டார். “அல்லா பெரியவன்” என்றார் நஸீர் பாய். “டீ சொல்லு மஞ்சு, மேடத்துக்கு ஸ்பெஷல்.”

“திறங்க” என்றார் டீச்சர்.

அழுத்தினேன். அனுமதி இல்லை.

“என் பாஸ்வேர்டைப் போடணும்போல.” பழைய பாஸ்வேர்டை அவரே சொன்னார். பாப்பாவின் செல்லப் பெயரும், அது முதன்முதலாகச் சொன்ன வார்த்தையும். அதே பெயரில் அக்கவுண்ட் செய்து, அதே பாஸ்வேர்டை வைத்தேன். அழுத்தினேன். அனுமதி இல்லை. மெஷினை அணைத்துப் போட்டேன். இல்லை. மஞ்சு பார்த்தான். இல்லை.

டீ வந்தது. யாரும் எடுக்கவில்லை.

6. டப்பாவும் சாவியும்

எலெக்ட்ரானிக் சிட்டியில் வேலை பார்க்கும் சதீஷ் என்று ஒரு கஸ்டமர் எங்களுக்கு உண்டு. திண்டிவனத்துப் பையன். கம்பெனியில் இதே மாதிரி பூட்டு வேலைதான் அவருக்கு. ஃபோன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தேன். நடந்ததைச் சொன்னேன்.

“அண்ணே, ஃபைலைப் பூட்டறது பாஸ்வேர்ட் இல்லண்ணே” என்றார். “விண்டோஸ் தானா ஒரு சாவி செஞ்சு, அதை வெச்சுதான் பூட்டும். அந்தச் சாவி அவங்க அக்கவுண்ட்டுக்குள்ள ஒரு டப்பால இருக்கும். பாஸ்வேர்ட் அந்த டப்பாவைத் திறக்கறதுக்குதான்.”

“டப்பா எங்க இருக்கும்?”

“சி டிரைவ்ல.”

நஸீர் பாய் உட்கார்ந்துவிட்டார்.

“பாஸ்வேர்டை எடுத்தோமே, அப்பவே போயிடுச்சா?” என்று கேட்டேன். எனக்கு அது தெரிந்தே ஆக வேண்டும்போல இருந்தது.

“அப்ப போகல. பழைய பாஸ்வேர்டைத் திரும்ப வெச்சிருந்தா அப்பவும் திறந்திருக்கும். ஃபார்மட்லதான் போச்சு. ரெகவரி போட்டுப் பாக்கலாம்... என்ன டிஸ்க் அண்ணே? பழைய சுத்தற டிஸ்க்கா?”

“இல்ல, எஸ்.எஸ்.டி.”

“அப்ப கஷ்டம்ண்ணே” என்றார் சதீஷ். எஸ்.எஸ்.டி-யில் ஃபார்மட் அடித்தால் மிச்சம் மீதி நிற்காது. அது எனக்கே தெரியும்.

“மேடம்கிட்ட ஒண்ணு கேளுங்க. முதல் தடவை பூட்டினப்போ, சாவியை ஒரு காப்பி எடுத்து வெளிய வெச்சுக்கோங்கன்னு கீழ் மூலையில ஒரு மெசேஜ் வந்திருக்கும். எடுத்தாங்களா?”

டீச்சரே ஃபோனைப் பார்த்துப் பதில் சொன்னார். “வந்துச்சு தம்பி. பென் டிரைவ்ல வைக்கச் சொல்லுச்சு. பென் டிரைவை நான் எங்க வைக்கறது? என் ஹேண்ட்பேகை தினம் கட்டில்ல கொட்டிப் பார்ப்பார். அதான் மூடிட்டேன்.”

சதீஷ் ‘சாரி மேடம்’ என்று மூன்று நாலு தடவை சொன்னார். சொல்லிவிட்டு வைத்தார்.

ஆனாலும் ரெகவரி ஓடவிட்டேன். மறுநாள் பூராவும் ஓடியது. டீச்சர் ஸ்கூல் விட்டதும் வந்து ஸ்டூலில் உட்கார்ந்து, திரையில் நகர்கிற பச்சைக் கோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். கோடு முடிந்தது. ஒன்றும் வரவில்லை.

7. பெயர்கள் மட்டும்

அவர் எங்களைத் திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் எனக்கு நல்லதாக இருந்திருக்கும். நஸீர் பாய் ஏதோ சொல்ல வந்து, “மேடம், நாங்க உங்க நல்லதுக்குதான்...” என்று நிறுத்திக்கொண்டார்.

“தெரியும் பாய்” என்றார் டீச்சர். “அவர் திறக்கக் கூடாதுன்னு பூட்டினேன். அவரால திறக்க முடியல. பூட்டு நல்லாதான் வேலை செஞ்சிருக்கு.”

பிறகு திரையைக் காட்டி, “பேரெல்லாம் தெரியுதே, அதையாவது பிரிண்ட் எடுத்துக் குடுங்க” என்றார்.

எடுத்தேன். எங்கள் பிரின்டரில் ஒரு கோடு விழும். அந்தக் கோட்டோடுதான் வந்தது. ‘கிச்சன்’. ‘கிச்சன் மறுபடி’. ‘பாப்பா பர்த்டே அன்னைக்கு’. ‘பாப்பா தூங்கினப்புறம்’. ‘பாப்பா முழிச்சிட்டா’. ஒவ்வொரு பெயருக்குப் பக்கத்திலும் தேதி, ஓரத்தில் சின்னப் பூட்டு. தாளை வாங்கி, சூடு ஆறுகிறவரை கையிலேயே வைத்திருந்தார்.

போகிறபோது கேட்டார்: “பாப்பாவுக்கு பாஸ்வேர்ட் தெரியும். அவ பக்கத்துல இருக்கறப்பதான் அடிப்பேன். அவர் அவகிட்ட கேட்டாரா?”

“கேட்டார் மேடம்.”

“சொன்னாளா?”

“சொல்லல. சாக்லேட் காட்டியும் சொல்லல.”

அப்போதுதான் அழுதார். அதுவரை அழவில்லை. மஞ்சு எழுந்து வெளியே போய், சந்து முனையில் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான்.

நான் கோர்ட்டில் வந்து நடந்ததைச் சொல்கிறேன் என்று சொன்னேன். சொல்லிவிட்டு இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை. கோர்ட் படி ஏறினவன் இல்லை நான். நஸீர் பாயும், “போ, கடை பேரைச் சொல்லு, பாத்துக்கலாம்” என்றார். டீச்சர் வக்கீலிடம் கேட்டுவிட்டு ஃபோன் செய்தார். “வேணாம் சேகர். வீட்டு லேப்டாப்பை ரிப்பேருக்குக் குடுத்தேன்னு அவர் சொல்லிட்டா முடிஞ்சுது. உள்ள என்ன இருந்துச்சுன்னு நீங்களும் கேட்டதில்லையே.”

கேட்டதில்லைதான்.

8. ஞாயிற்றுக்கிழமை

முடிவில் பேசி முடித்துக்கொண்டார்கள். பாப்பா அப்பாவிடம். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததிலிருந்து சாயங்காலம் வரைக்கும் அம்மாவிடம். டீச்சர் கையெழுத்துப் போட்டுவிட்டார். போடாவிட்டால் ஞாயிறும் கிடைக்காது என்று வக்கீலம்மா சொன்னார்களாம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சாமான் வாங்க அல்சூர் மார்க்கெட் பக்கம் போயிருந்தேன். பஸ் ஸ்டாப்பில் இரண்டு பேரும் நின்றிருந்தார்கள். திரும்பக் கொண்டுபோய் விடுகிற நேரம். டீச்சர் என்னைப் பார்த்துத் தலையசைத்தார். பாப்பாவுக்கு என்னை ஞாபகம் இருந்தது. கையை விட்டுவிட்டு என் பக்கம் வந்தது.

“அங்கிள், நான் சொல்லலல்ல?”

“இல்ல பாப்பா. நீ சொல்லவே இல்ல.”

“அம்மாவோடது பத்திரமா இருக்குல்ல?”

டீச்சர் அதன் தலைக்கு மேலே என்னைப் பார்த்தார்.

“இருக்கு பாப்பா” என்றேன். “டி டிரைவ்ல இருக்கு.”

பஸ் வந்தது. போய்விட்டார்கள்.

இந்த வேலைக்கு வருகிற பையன்களுக்கு நான் சொல்வது இவ்வளவுதான். கொண்டுவந்தவரையே சொந்தக்காரர் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். திரையில் வேறு பெயர் தெரிந்தால் அந்தப் பெயருக்கு ஃபோன் போடுங்கள். கஸ்டமர் கத்தினால் கத்தட்டும், வேலை போனால் போகட்டும். ஃபார்மட் அடிக்கும் முன் டி-யைத் திறந்து, ஏதாவது ஃபைலின் ஓரத்தில் பூட்டு தெரிகிறதா என்று பாருங்கள். தெரிந்தால் சி-யில் கை வைக்காதீர்கள். கை வைத்தே ஆக வேண்டும் என்றால் முழு டிஸ்க்கையும் வேறு டிஸ்க்கில் காப்பி எடுத்து, சொந்தக்காரர் வருகிறவரை வைத்திருங்கள். ஃபைலைப் பூட்டத் தெரிந்துகொள்ள வருகிறவர்களிடம், பூட்டுவதற்கு முன்னால் சாவியின் காப்பியை எங்கே வைப்பார்கள் என்று கேளுங்கள். வீட்டில் வைக்க இடம் இல்லை என்று சொல்பவர்களும் உண்டு. அவர்களுக்கு நம்பிக்கையான ஒரு வெளி ஆள் வேண்டும், அதை முதலில் தேடச் சொல்லுங்கள். மூடி மேல் பாஸ்வேர்ட் எழுதுவதை எங்கள் கடையில் நிறுத்திவிட்டோம். நல்லது செய்கிறோம் என்று மனசு குளிர்கிற நேரத்தில்தான் கை நடுங்க வேண்டும். எனக்கு அன்று நடுங்கவில்லை.

நஸீர் பாய் ‘சேஃப்’ என்று சொல்வதை விட்டுவிட்டார். கஸ்டமர் கேட்டால் “பார்த்துதான் சொல்லணும்” என்கிறார். கல்லா மேஜையில் கண்ணாடிக்கு அடியில் வில்சனின் பழைய பில் இருக்கிறது. மஞ்சு ஒரு தடவை அதைக் கிழிக்கப் போனான். “இருக்கட்டும், விடு” என்றார் நஸீர் பாய். பாஸ்வேர்ட் எடுத்தது, ஃபார்மட் அடித்தது, மொத்தம் எண்ணூறு, வரவு ஐந்நூறு. பாக்கி முந்நூறு ரூபாய்.